பேக்கிங் மேசையில் ஒரு வெளியீடு

தமிழ்த் திரையுலகப் பெருமக்களுக்கு அறிவிப்பது யாதெனில், கட்டிங் மாஸ்டர் சூசைமாணிக்கம் சேர்த்த காசையெல்லாம் போட்டு எடுத்த, எந்தத் தியேட்டரும் தொடாத முதல் படம், மண்ணரை என்கிற ஊரில் ஒரு பனியன் கம்பெனியின் பேக்கிங் மேசையில் இப்பொழுது வெளியாகிக்கொண்டிருக்கிறது. தகரக் கூரை இடுக்கில் இறங்கும் வெயில் உறையில்லாத ஒரு விசிடியில் பட்டு, சுவரில் ஏழு நிறமாக நடுங்குகிறது. பேக்கிங் செய்யும் ராமாயி, மடிப்பு நிற்க வழக்கமாக அட்டை வைக்கும் இடத்தில் சூசைமாணிக்கத்தின் படத்தின் விசிடியை உறையோடு வைத்து, குழந்தை பனியனை அதன்மேல் மடித்து, பாலித்தீன் பைக்குள் நுழைக்கிறாள். உறையில் அழுதுகொண்டிருக்கும் கதாநாயகி துணிக்குள் மறைகிறாள். விசிடி உரிமையை வாங்கிய முதலாளி ஆத்தப்பன் பூரித்து நிற்கிறார். “தியேட்டருன்னா சனம் தேடி வரோணுமுங்க டைரக்டரே. இது தானா ஊடு ஊடாப் போகுதுங்க!” “உள்ள படம் இருக்குன்னு வெளிய ஒரு எழுத்துகூட இல்லையே சார்?” என்கிறான் சூசைமாணிக்கம். “எழுதுனா, ஓசிச் சாமானம் இல்லாம பனியன மட்டும் வெலை கொறைச்சுக் குடுன்னு கேப்பாங்கங்க.” நன்றி சொல்வதா, சட்டையைப் பிடிப்பதா என்று அவனுக்குத் தெரியவில்லை. ஒரு பையை எடுத்து அமுக்கிப் பார்க்கிறான். துணிக்கடியில் தன் படத்தின் வட்ட விளிம்பு விரலில் தட்டுகிறது. ஓவர்லாக் மிஷின்களின் இரைச்சலை மீறி, “அக்கா, நீங்களாவது படத்தப் பாத்தீங்களா?” என்கிறான். ராமாயி கை நிறுத்தாமல், “இல்ல தம்பி. ஆனா பழைய அட்ட வளையும். இது வளையல” என்கிறாள். பனியன் மடிப்புக் கலையாமல் நிற்கிறது.