இனத்துக்கு ஏற்ற துடிப்பு

வலப் பக்கம் வெள்ளையும் இடப் பக்கம் கருப்புமாக இருந்த ஓர் ஆடு, தன் இரட்டைக் குட்டிகளைக் கொக்கு டாக்டரிடம் கூட்டி வந்தது. ஒன்று வெள்ளை, மற்றது கருப்பு. இரண்டும் ஒரே அரளிச் செடியைத் தின்றுவிட்டு நுரை தள்ளிக்கொண்டிருந்தன.

டாக்டர் வெள்ளைக் குட்டியின் நெஞ்சில் ஸ்டெதஸ்கோப்பை வைத்தார். "ஐயையோ, துடிப்பு தாறுமாறா இருக்கே!" என்று பதறி, உடனே மருந்தைப் புகட்டினார்.

கருப்புக் குட்டியின் நெஞ்சும் அதே மாதிரிதான் துடித்தது.

"கருப்பு இனத்துக்கு இப்படித்தான் துடிக்கும். பயப்படாதே," என்றார்.

"டாக்டரய்யா, ரெண்டும் ஒரே செடியைத்தான் தின்னுச்சு. இவனுக்கும் அந்த மருந்தைக் குடுங்க, வலியில கத்துறான்."

"கருப்புக்கு வலி அவ்வளவாத் தெரியாதும்மா. படிச்சவன் சொல்றேன்."

வெள்ளைக் குட்டி எழுந்து நின்றது. கருப்புக் குட்டி கத்திக் கத்திக் குரல் போய், கடைசியில் அடங்கிவிட்டது.

"பார்த்தியா, சத்தமே காணோம்! என்ன ஒரு பொறுமை!" என்று டாக்டர் மெச்சிக்கொண்டார்.

"செத்துப் போயிட்டான்யா," என்றது தாய். அப்படியே கால் மடங்கிச் சரிந்தது. "எனக்கு நெஞ்சு வலிக்குது."

டாக்டர் அலறிக்கொண்டு ஓடி வந்தார். "எந்தப் பக்கம்?"

"இடப் பக்கம்."

டாக்டர் அந்தப் பக்கத்தின் நிறத்தைப் பார்த்தார். பெருமூச்சு விட்டார்.

"நல்லவேளை," என்றார். "நான் பயந்தே போயிட்டேன்."