பார்த்தேன் என்று ஒரு வரி

படித்தது நான், பரீட்சையில் தேறியது நான், ஏஜென்ட் மட்டும் இவரா? அவள் மனதுக்குள் கேட்டுக்கொள்கிறாள். சாப்பாட்டு மேசையில் விழும் சாய்ந்த வெயிலில், இன்று வந்த ஆயுள் காப்பீட்டு ஏஜென்ட் உரிமம் அவள் புகைப்படத்தோடு பளபளக்கிறது. கணவன் பார்க்கும் உத்தியோகத்தில் அவன் பெயரில் உரிமம் எடுக்க முடியாது; அதனால் உரிமம் அவள் பெயரில், ஆள் பிடிப்பதெல்லாம் அவன். முதல் பாலிசி அவனுடைய மேனேஜருக்கு. 'இவரை நேரில் பார்த்தேன், ஆரோக்கியமாக இருக்கிறார்' என்று விண்ணப்பத்தில் ஏஜென்ட் உறுதி தரும் வரியின் கீழ் கணவன் விரலை வைக்கிறான். “ஏஜென்டம்மா, இங்க ஒரு கையெழுத்து.” “ஆள் எப்படி இருப்பாரு?” “ஏன், மாப்பிள்ளை பார்க்கப் போறியா?” “மாடி ஏறினா மூச்சு வாங்குமா?” “அவர் லிஃப்ட்லதானே வருவாரு!” சிரிக்கிறான். மின்விசிறிக் காற்றில் படபடக்கும் தாளை உள்ளங்கையால் அழுத்திப் பிடித்துக்கொள்கிறான். அவள் பேனாவை மூடி அவன் பக்கம் வைக்கிறாள். “நான் அவரைப் பார்க்கலைங்க.”