அரை வாளி

விசில் ஊதியதும் எட்டுப் பெண்களும் கட்டைகளில் ஏறிக் குனிந்தார்கள். ஐந்தாவதாக நின்றவள் சர்கோவியின் மகள் ருஸ்மலா.

நீச்சல் குளத்தில் மகளை அவர் நேரில் பார்ப்பது இதுதான் முதல் தடவை.

அவளுக்கு இருபத்தேழு வயது ஆகிவிட்டது. இன்றைக்குத் தங்கம் வந்தால் மாகாண அலுவலகத்தில் நிரந்தர வேலை. வராவிட்டால் நீச்சல் இத்தோடு சரி.

"அஞ்சாவது நிக்குதே, அந்தப் பொண்ணுதான் ஜெயிக்கும். நேத்தே பாத்துட்டேன்," என்றார் பக்கத்து இருக்கைக்காரர். கழுத்தில் ஸ்டாப்வாட்ச் தொங்கியது. வேறு தீவிலிருந்து பிள்ளைகளைக் கூட்டி வந்த பயிற்சியாளர்.

அது தன் மகள் என்று சர்கோவி சொல்லவில்லை. சொல்லக் கூச்சமாக இருந்தது.

அவர் முப்பது வருஷமாக மூசி ஆற்றின் அடியில் மணல் அள்ளுகிறவர். ஒரு மூச்சுக்கு ஒரு வாளி. நிறைந்த வாளியோடு தலை தெரிந்தால் படகில் இருப்பவன் விளிம்புப் பலகையை உள்ளங்கையால் மூன்று முறை தட்டுவான். மணல்காரனுக்கு மரியாதை என்று இருப்பது அந்தத் தட்டு ஒன்றுதான். அரை வாளியோடு வந்தால் தட்டு கிடையாது. படகே முகத்தைத் திருப்பிக்கொள்ளும்.

பன்னிரண்டு வயதிலேயே அந்தத் தட்டை வாங்கியவள் ருஸ்மலா. தட்டியது அவர்தான்.

அப்புறம் குளத்துக்குப் போனாள். மருந்து கலந்த தண்ணீர் அவள் நெஞ்சைக் கெடுத்துவிட்டது என்று நினைத்தார்.

படகுத்துறைக் கடை டிவியில் எல்லோரும் பார்த்ததுதானே. குதிப்பாள், அடியிலேயே மீன் மாதிரி போவாள், கயிற்று மிதவைகள் சிவப்பாக மாறும் இடம் வந்ததும் தலையைத் தூக்கிவிடுவாள். குளத்தில் மூன்றில் ஒரு பங்குகூட இருக்காது. மற்றப் பெண்களும் அங்கேதான் எழுந்தார்கள். அவர்கள் கரையில் வளர்ந்தவர்கள், அவ்வளவுதான் மூச்சு. இவள் மணல்காரன் மகள்.

"என்னண்ணே, உன் மக அரை வாளியிலயே மேல வந்துட்டா? சோறு போடுறியா இல்லியா?" என்பான் அம்ரான். கூடவே முங்குகிறவன். கடையே சிரிக்கும்.

அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. அரை வாளி.

ஒருமுறை வீட்டில் அவள் ஆரம்பித்தாள். "அப்பா, அங்க வந்து..."

"சாக்கு சொல்றதெல்லாம் மேல வந்தவங்க வேலை. அடியில இருக்கிறவனுக்கு ஏது வாயி?" என்று துண்டை உதறிக்கொண்டு எழுந்து போய்விட்டார்.

அதற்கப்புறம் அவள் அந்தப் பேச்சை எடுக்கவே இல்லை. நேற்றுத் துறைக்கு வந்து, அவர் சட்டைப் பையில் டிக்கெட்டை வைத்துவிட்டுப் போனாள்.

சங்கு ஒலித்தது. எட்டு உடம்புகளும் தண்ணீரைக் குத்தின.

பழக்கத்தில் அவரும் மூச்சை இழுத்துப் பிடித்தார்.

ஒவ்வொரு தலையாக மேலே வந்தது. ஐந்து, ஆறு, ஏழு. சிவப்பு மிதவைகள் வந்தன. ருஸ்மலா இப்போது எழுந்துவிடுவாள் என்று, வெட்கத்தில் தலை குனிந்துகொள்ளத் தயாரானார் சர்கோவி.

அவள் எழவில்லை.

"ஏறு! ஏறும்மா, ஏறிடு!" ஸ்டாப்வாட்ச்காரர் எழுந்து நின்று கத்தினார்.

ஆள் மூழ்கிவிடுவாள் என்று பயப்படுகிறார், பாவம், என்று சர்கோவி நினைத்துக்கொண்டார்.

மேலே ஏழு பேர் துணி துவைப்பதுபோலத் தண்ணீரை அடித்துக்கொண்டு போனார்கள். கீழே ஒரே ஒரு நிழல். கைகள் முன்னால் கூம்பியிருந்தன. ஒரு குமிழிகூட வரவில்லை.

மணல்காரன் அடியில் வீணாக விரலைக்கூட அசைக்க மாட்டான். அசைந்தால் மூச்சு எரிந்துபோகும். இவளோ உடம்பு முழுவதையும் சாட்டையாகச் சொடுக்கிக்கொண்டு போகிறாள். இந்நேரம் நெஞ்சு என்ன பாடு படும் என்று அவருக்குத் தெரியும். விலா பற்றி எரியும். வயிறு தானாக உதைக்கும். தாங்க முடியாமல் வாயைத் திறந்தவர்கள் இரண்டு பேரை அவரே ஆற்றிலிருந்து தூக்கி வந்திருக்கிறார்.

நிழல் பாதிக் குளத்தைத் தாண்டியது. முக்காலைத் தாண்டியது. கத்திக்கொண்டிருந்த கூட்டம் அப்படியே அடங்கிவிட்டது.

மனுஷி இல்லை இவள் என்று அவருக்குத் தோன்றியது. தான் பெற்றதுதானா இது?

இரண்டு கைகளும் சுவரைத் தொட்டன. அதற்கப்புறம்தான் தலை வந்தது. அடுத்தவள் வந்து சேர இன்னும் ஒரு கை தூரம் இருந்தது.

சர்கோவி துள்ளி எழுந்தார். "என் மக! மணல்காரன் மக! மூச்சைப் பாத்தீங்களா, மூச்சை!" என்று பக்கத்தில் இருந்தவர் தோளைப் பிடித்து உலுக்கினார்.

ஸ்டாப்வாட்ச்காரரோ தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார்.

எதிரே முடிவு காட்டும் மின்பலகையில் உச்சியில் இருந்த ருஸ்மலாவின் பெயர் கீழே இறங்கியது. கடைசி வரிக்குப் போயிற்று. பக்கத்தில் நேரம் இல்லை.

"உங்க பொண்ணா? என்னங்க இது! அந்தச் சிவப்பு வரைக்கும்தான் அடியில போகலாம். பதினஞ்சு மீட்டர். தாண்டுனா ஆட்டத்துலயே கிடையாது. சின்னப் புள்ளைக்குக்கூடத் தெரியும், இத்தனை வருஷம் நீந்துன பொண்ணு எப்படி மறந்துச்சு?"

"எப்பவும் அப்படித்தானா?"

"எப்பவும். எல்லாருக்கும்."

ருஸ்மலா கயிற்றைப் பிடித்துக்கொண்டு மிதந்தாள். பலகை இருந்த பக்கமே அவள் திரும்பவில்லை. பார்வையாளர் வரிசைகளை ஒவ்வொன்றாகத் தேடிக்கொண்டிருந்தாள்.

சர்கோவி படிகளில் தடுமாறி இறங்கினார். முன்வரிசை இரும்புக் கம்பியை உள்ளங்கையால் தட்டினார். ஒன்று. இரண்டு. மூன்று.

மறுபடி எழுந்துவிட்ட கூட்டத்தின் இரைச்சலில் யாருக்கும் கேட்டிருக்காது.

ருஸ்மலா திரும்பினாள்.