வழக்கைப் பற்றி மட்டும்

காவல் நிலையச் சுவரில் நீதிமன்றத்தின் கேமரா விழித்திருந்தது. அதன் முன்னால் கைதியைப் போலீஸ் அடிக்க முடியாது; வழக்கைத் தவிர வேறு பேச்சும் பேசக் கூடாது.

"ஏட்டய்யா, வெளியில மழைங்களா?" என்று லாக்கப்பிலிருந்து கேட்டான் செங்கோடன்.

ஏட்டு தணிகாசலம் நனைந்த தொப்பியை உதறிவிட்டுக் கேமராவைப் பார்த்தார். பதில் சொல்லாமல் சோற்றுத் தட்டை உள்ளே தள்ளினார். கொலை வழக்கில் அவனைப் பிடித்து வந்த நாளிலிருந்து இப்படித்தான்.

"அந்தக் கொலைய நான்தாங்க செஞ்சேன்."

தணிகாசலம் உடனே நாற்காலியை இழுத்துப் போட்டுக் கம்பிக்கு எதிரே உட்கார்ந்தார். "ஆரம்பத்துலேர்ந்து சொல்லு."

கொலை நடந்த வீடு எந்தத் தெருவில் என்றுகூடச் செங்கோடனுக்குத் தெரியாது. வசதியாகச் சம்மணமிட்டுக்கொண்டான்.

"அன்னைக்கு நல்ல மழைங்கய்யா."

"இப்ப பெய்யுதே, இதைவிடவா?" என்று கேட்டார் ஏட்டு.