ஏழாம் ரூமுக்கு மாத்தாள்

“எம் மகளை வெளிய அனுப்புங்க அண்ணாச்சி. அவ மாமியா செத்துப் போனாக.”

பட்டாசுக் கம்பெனி கேட்டைப் பிடித்துக்கொண்டு சண்முகத்தாய் கதறினாள். கொண்டை அவிழ்ந்து கிடந்தது, காலில் செருப்பில்லை. கண்ணீர் என்னவோ நிஜம்தான்.

சாவுதான் பொய். அவளுடைய சம்பந்தியம்மாள் அந்த நேரம் இருக்கன்குடியில் கோழிக்குத் தவிடு பிசைந்துகொண்டிருந்தாள். இன்னும் நூறு வயசு வரைக்கும் இருப்பாள். தீபாவளி சீசனில் கல்யாணம், காதுகுத்து என்று சொன்னால் எந்தக் கம்பெனியிலும் ஆளை விடமாட்டார்கள். இழவு என்றால்தான் விடுவார்கள், அதனால் சண்முகத்தாய் சம்பந்தியைக் கொன்றுவிட்டாள்.

உண்மையைச் சொல்ல வழியில்லை. 2004 புரட்டாசியில் அச்சங்குளத்துப் பக்கம் நேரம் மடங்கிக்கொண்டிருந்தது. முக்கால் மணி நேரம் போகும். சட்டென்று அதே முக்கால் மணி முதலிலிருந்து வரும், அவரவர் முன்பு நின்ற இடத்திலேயே நிற்பார்கள். சில நாள் ஒரே நேரம் ரெண்டு மூணு தடவைகூட மடங்கும்.

நடந்தது ஊரில் நாலைந்து பேருக்குத்தான் ஞாபகம் இருக்கும். அவர்கள் பாடு திண்டாட்டம், வாயைத் திறந்தால் பைத்தியப் பட்டம். போன வாரம் அவர்களில் ஒருத்தியான வள்ளித்தாய் இதே கம்பெனியில் இப்படி ஏதோ சொல்லப் போய், வேலையைக் கெடுக்க வந்தவள் என்று கழுத்தைப் பிடித்துத் தள்ளிக் கேட்டைப் பூட்டிவிட்டார்கள்.

டீக்கடை ஆண்டிச்சாமிக்கு ஒவ்வொரு மடங்கலும் அத்துப்படி. ஆனால் ஒரு மடங்கலில் சாத்தூர் பஸ்ஸில் அடிபட்டு அவரே செத்துக் கிடந்தாரே, அந்த ஒன்றைப் பற்றிக் கேட்டால் மட்டும் திருதிருவென்று முழித்தார். செத்தவருக்கு எப்படித் தெரியும்?

இன்றைக்கு நடந்தது சண்முகத்தாய்க்கு நன்றாக ஞாபகம் இருந்தது. பத்து நாற்பதுக்கு வெடிமருந்து செலுத்துகிற ஏழாம் நம்பர் ரூம் வெடித்தது. நேற்று மிஞ்சிய மருந்தை வெளியேற்றாமல் உள்ளேயே வைத்திருந்தார்களாம். மகள் அழகுமீனாவைக் கால் மருதாணியை வைத்துத்தான் அடையாளம் கண்டாள்.

வாய்விட்டு அழக்கூட இல்லை, அதற்குள் மறுபடியும் ரேஷன் கடை வரிசையில் மண்ணெண்ணெய் கேனோடு நின்றாள். அங்கே மணி பத்தேகால். கேனைப் போட்டது தெரியும், ஓடி வந்த வழி தெரியாது.

மகளை முதலில் வெளியே இழுத்துவிட வேண்டும். அப்புறம் தொண்டை கிழியக் கத்தி மற்றவர்களையும் கிளப்பிவிடலாம் என்று நினைத்திருந்தாள்.

போர்மேன் சுந்தரபாண்டி ஏற்கெனவே எரிச்சலில் இருந்தான். ஏழாம் ரூமுக்குள் பாம்பு என்று நாலு பெண்களும் வெளியே வந்து வேப்பமரத்தடியில் நிற்கிறார்களாம். கம்போடு போய்த் தேடினால் ஒரு பல்லிகூட இல்லையாம். போன தடவை பாம்பு கீம்பு ஒன்றும் வரவில்லையே என்று சண்முகத்தாய்க்குத் தோன்றியது. இருக்கன்குடி மாரியாத்தா அனுப்பியிருப்பாள் என்று கும்பிட்டுக்கொண்டாள்.

மரத்தடியிலிருந்து மீனா வந்தாள். மாமியார் செத்த சேதியைக் கேட்டும் அவள் முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை. எந்த மருமகள்தான் கேட்ட மாத்திரத்தில் அழுதாள்? அவள் ஆபீஸ் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பத்து முப்பத்தைந்து.

தாராளமாகப் போகட்டும், ஆனால் மாத்தாள் வேண்டும் என்றான் சுந்தரபாண்டி. அது அங்கே உள்ள வழக்கம்தான். ஒருத்தி எழுந்து போனால் அவள் இடத்தில் இன்னொருத்தி உட்கார வேண்டும், லோடு நிற்கக்கூடாது.

சண்முகத்தாய் கேட்டுக்கு உள்ளே எட்டிப் பார்த்தாள். தூரத்தில் ஏழாம் ரூமின் கதவு திறந்து கிடந்தது. அதைப் பார்க்கவே பயமாக இருந்தது, ஆனாலும் வாய் முந்திக்கொண்டது.

“நான் உக்காருதேன் அண்ணாச்சி. அவளை விடுங்க.”

சுந்தரபாண்டி கேட்டைத் திறந்தான். அம்மா உள்ளே கால் வைத்தாள், மகள் வெளியே போகவில்லை. அம்மாவின் இடுப்பைக் கட்டிக்கொண்டு மண்ணில் உட்கார்ந்துவிட்டாள்.

சண்முகத்தாய் அவளை அறைந்தாள், கையைக் கடித்தாள், போயிரு தாயி போயிரு என்று கெஞ்சினாள். பிடி விடவே இல்லை. இழவு வீட்டுக்குப் போகிறவள் இப்படியா செய்வாள் என்று சுந்தரபாண்டி பிரித்துவிடப் பார்த்தான். முடியாமல் போகவே, மரத்தடியில் நின்ற மூன்று பேரும் விலக்கிவிட ஓடி வந்தார்கள்.

அப்போதுதான் வெடித்தது. தரை தூக்கிப் போட்டது, கூரைத் துண்டு ஒன்று பறந்து வந்து கேட்டில் மோதி விழுந்தது. புகை கொஞ்சம் விலகியதும் பார்த்தால் ஏழாம் ரூமும் இல்லை, அதற்குள் ஆளும் இல்லை.

சண்முகத்தாய்க்குக் காது அடைத்துவிட்டது. மகளின் கன்னத்தை, தலையை, காலைத் தடவித் தடவிப் பார்த்தாள். இனி மறைக்க என்ன இருக்கிறது என்று சம்பந்தி சாகாத கதையைச் சொன்னாள். அழுகையும் சிரிப்புமாக மற்றதையும் சொன்னாள்.

“போன தடவ நீ செத்துப் போயிட்டத்தா. ரூமுக்குள்ள கெடந்த. அதான் பொய் சொல்லிக் கூப்பிட வந்தேன்.”

மீனாவின் கைகள் இன்னும் அம்மாவின் இடுப்பில்தான் இருந்தன.

“நான் செத்தது எனக்குத் தெரியாதும்மா. பாம்புன்னு பொய் சொன்னது நான்தான். போன தடவ எம் எடத்துல உக்காந்து செத்தது நீ.”