பதினோரு மருமகள்கள்

"மறைக்காம சொல்லுங்க. இதுவரைக்கும் எத்தனை மருமகளைக் கொன்னிருக்கீங்க?"

இன்சுக்கின் அம்மா இப்படிக் கேட்டதும், பக்கத்து மேஜையில் கோப்பையை வைத்துக்கொண்டிருந்த தேநீர்க் கடைப் பெண் திரும்பிப் பார்த்தாள்.

எதிரே உட்கார்ந்திருந்த மா ஓக்பூன் கோபப்படவில்லை. விரல்விட்டு எண்ணினாள்.

"பதினொண்ணு. ரெண்டு பேரைக் கிணத்துல தள்ளினேன். ஒருத்திக்குக் கஞ்சியில விஷம். மத்தவங்க எல்லாம் பட்டினி."

"நல்லா இருக்குங்க! அப்புறம் எந்த தைரியத்துல என் பொண்ணைக் குடுப்பேன்?"

"பதினோரு தடவையும் செத்தவ பேயா வந்து என் கழுத்தை நெரிச்சுட்டாளே, அதையும் கொஞ்சம் நினைச்சுப் பாருங்க."

சியோலில் பேய்ப்படம் பார்க்கிற எல்லோருக்கும் அந்த முகம் தெரியும். ஏறிய புருவம், இறுகக் கட்டிய கொண்டை, ஊசி மாதிரிப் பார்வை. கொடுமைக்கார மாமியார் என்றால் மா ஓக்பூன்தான். சந்தையில் துணிக்கடை வைத்திருக்கும் இன்சுக்கின் அம்மா ஒரு படத்தையும் விட்டதில்லை. பேய் வந்தால் கண்ணை இறுக மூடிக்கொள்வாள். மாமியார் வந்தால் திறந்த கண்ணோடு திட்டுவாள்.

மகள் இன்சுக் டைப்பிஸ்ட் என்று அம்மாவுக்குப் பெருமை. ஆபீஸுக்குப் போகிற வழியில் சாங்பே என்று ஒரு பையனோடு பழக்கம், குடிநீர் வாரியத்தில் வேலை என்று அவள் சொன்னபோது அம்மாவுக்குச் சந்தோஷம்தான். பையனைப் பெற்றவள் யார் என்பது நேற்றுத்தான் தெரிந்தது. இப்போது மகள் பக்கத்தில் உட்கார்ந்து, தலை நிமிராமல் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இந்தப் பொழைப்புக்கு எப்படிங்க வந்தீங்க?"

"புருஷன் யுத்தத்துல போயிட்டாரு. கையில பதினாலு வயசுப் பையன். ஒரு நாள் நான் இறங்க வேண்டிய நிறுத்தத்துல நிறுத்தாம போன பஸ் கண்டக்டரைக் கிழிகிழின்னு கிழிச்சேன். அதே பஸ்ஸுல ஒரு டைரக்டர் இருந்திருக்காரு. 'நாளைக்கு வந்து இதே மாதிரி கத்துவீங்களா?'ன்னு கேட்டாரு. போனேன். பத்து வருஷமாக் கத்திக்கிட்டிருக்கேன்."

இன்சுக்கின் அம்மாவுக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள்.

"வெளியில போனா ஜனங்க ஒண்ணும் சொல்ல மாட்டாங்களா?"

"முள்ளங்கிக்காரி எனக்கு அழுகினதாப் பார்த்துப் போடுவா. அது போகட்டும். பொதுக் குளியல் வீட்டுக்குப் போனா, எல்லாரும் ஒருத்தர் முதுகை ஒருத்தர் தேய்ச்சுவிடுவாங்க. என் முதுகுக்கு மட்டும் ஒருத்தியும் கை நீட்ட மாட்டா. பத்து வருஷமா முதுகுல அழுக்கோடவே வீட்டுக்கு வர்றேன்."

இன்சுக்கின் அம்மாவுக்கு என்னவோ போலிருந்தது. ஆனாலும் பெண்ணைப் பெற்றவள் ஆயிற்றே.

"என் மனசு கேட்டுக்கும். ஊர் வாய் கேட்காதுங்க. சினிமாக்காரங்க சகவாசமே எங்க குடும்பத்துல கிடையாது."

ஓக்பூன் மெல்லத் திரும்பி இன்சுக்கைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"பாருங்க, பாருங்க! இந்தப் பார்வைதான்!" அம்மா மகளின் கையைப் பிடித்துக்கொண்டாள். "பயப்படாதடி, நான் இருக்கேன்."

ஓக்பூன் கோப்பையை நகர்த்தி வைத்தாள்.

"சரிங்க. சாங்பே சின்ன வயசுலேர்ந்து என்கிட்ட எதுவுமே கேட்டதில்ல. கிழிஞ்ச செருப்போட பள்ளிக்கூடம் போவான், புதுசு வேணும்னு கேட்க மாட்டான். முதல் தடவையா இந்தப் பொண்ணைக் கேட்கிறான். நான் நடிப்பை விட்டுடறேன்."

இன்சுக்கின் அம்மா இதை எதிர்பார்க்கவில்லை.

"விட்டுட்டு?"

"தையல் தெரியும். பழைய வேலைதான்."

"வேற... நல்லவளா ஒரு வேஷம் குடுக்க மாட்டாங்களா?"

"இந்தப் புருவத்துக்கா?" ஓக்பூன் சிரித்துக்கொண்டே எழுந்தாள். "வெள்ளிக்கிழமை ஒரு ஷூட்டிங் இருக்கு. வரலேன்னு இப்பவே சொல்லிடறேன்."

கல்லாப் பக்கம் போய் டெலிபோனை எடுத்தாள். இரண்டு எண் சுற்றினாள். மூன்றாவது எண்ணுக்கு விரல் கொஞ்சம் தயங்கியது. அவள் முதுகு இந்தப் பக்கம் திரும்பியிருந்தது. அகலமான, சற்றே கூனிய முதுகு. அதைப் பார்க்கப் பார்க்க மனசு கேட்காமல் இன்சுக்கின் அம்மா 'வேணாங்க' என்று சொல்ல வாயெடுத்தாள்.

அதற்குள் இன்சுக் எழுந்து ஓடிப்போய் டெலிபோனை அமுக்கிப் பிடித்தாள்.

"பேசாம இருடி கழுதை!" என்று ஓக்பூன் பல்லைக் கடித்தாள்.

"இருக்க மாட்டேன் அத்தை! நீங்க விட்டுட்டா, வெள்ளிக்கிழமை முகம் பூரா மாவைப் பூசி, முடியை விரிச்சுப் போட்டுக்கிட்டு நான் யார் கழுத்தை நெரிக்கிறது? மூணு வருஷமா ஆபீஸ்னு சொல்லிட்டு வந்து உங்களைக் கொல்ற பேய் நான்தான்னு எங்க அம்மாகிட்ட சொல்லிடுங்களேன்!"

இன்சுக்கின் அம்மா மகளுடைய பத்து விரல்களையும் பார்த்தாள். ஓக்பூனின் கழுத்தைப் பார்த்தாள். எழுந்து கிட்டே போனாள்.

"ரொம்ப வலிச்சுதா, சம்பந்தியம்மா?"