ஒரே காதுக்கு இரண்டு முறை

சாப்பிடும் இலையில் கைவைத்துச் சத்தியம் செய்கிறேன், இதில் ஒரு சொல்லும் பொய்யில்லை.

வாணியம்பாடி அஃப்ரா மானுடவியல் ஆய்வுக்காகப் புதூர்நாட்டுக்கு மேலே ஒரு மலைச் சிற்றூரில் ஜீப்பை விட்டு இறங்கினாள். அந்த ஊர்க் குலக்கதையைப் பதிவு செய்யாவிட்டால் அவளுடைய இத்தனை வருட ஆராய்ச்சியும் பாழ்.

கதை தெரிந்த குப்பம்மாள் புளி தட்டிக்கொண்டிருந்தாள்.

"போன வாரந்தானே சொன்னேன்? ஒரே காதுக்கு ரெண்டு வாட்டி சொன்னா எங்க சாமி கோச்சுக்கும்மா."

"அக்கா, நான் இப்பதான் மொதல் தடவ வர்றேன்!"

"இன்னாம்மா வெளையாடுற? சாமைக் களிய கேட்டு வாங்கித் தின்னுட்டு, செருப்ப வேற வுட்டுட்டுப் போய்ட்ட."

குப்பம்மாள் உள்ளே போய் ஒரு ஜோடி செருப்பைக் கொண்டுவந்து போட்டாள். அஃப்ராவின் அப்பா அவளுக்கென்றே தைத்தது. அவர் தைத்தது ஒரே ஜோடி. அது அப்போது அவள் காலில் இருந்தது.

அடுத்த வீட்டிலும் அதே பதில். அதற்கடுத்த வீட்டில் "மறுபடியுமா?" என்று கதவையே சாத்திவிட்டார்கள். அஃப்ராவுக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன. திரும்பக் குப்பம்மாளிடமே வந்தாள்.

"சரிக்கா, எங்கிட்ட இன்னா சொன்னீங்கன்னாவது சொல்லுங்க."

"அதச் சொன்னா ரெண்டாவது வாட்டி ஆயிடுமே!"

கதை கிடைக்காமல், இரண்டு ஜோடிச் செருப்போடு மலையிறங்கினாள்.

அஃப்ரா முதன்முதலாக மலையேறப் போவது வருகிற திங்கட்கிழமை.